ஒரு நாள் விடுப்பு: திருத்தல வேனும் வழிகாட்டியின் மவுனமும்

1

திருத்தலப் பயணங்களைப் பற்றி நம் பக்கங்களில் இரண்டு விதமான பேச்சுதான் நடந்து வந்திருக்கிறது. ஒன்று பகுத்தறிவுப் பேச்சு: ஜனங்கள் ஏமாற்றப்படுகிறார்கள், உண்டியல் நிரம்புகிறது, முடிந்தது கதை. மற்றது பண்பாட்டுப் பேச்சு: வேளாங்கண்ணிக்குக் காவி கட்டி நடந்து போகிற இந்துப் பெண்ணையும், நாகூர் தர்காவில் நிற்கிற கிறித்தவரையும் காட்டி, பாருங்கள் இதுதான் தமிழ் மண்ணின் நல்லிணக்கம் என்று நெகிழ்ந்து போவது. முதலாவது பயணியை முட்டாளாக்குகிறது. இரண்டாவது அவரைப் பொம்மையாக்கிக் கண்காட்சியில் வைக்கிறது. இரண்டுமே வண்டிக்குள் ஏறிப் பார்ப்பதில்லை.

ஆளுக்கு இவ்வளவு என்று பணம் கட்டி, விடியுமுன் ஏறி, நடுராத்திரிக்குள் இறக்கிவிடப்படுகிற 'ஒரு நாள் திருயாத்திரை'யை ஒரு பிரதியாக வாசிக்க முடியும். வண்டி எங்கே நிற்கிறது, எங்கே நிற்காமல் போகிறது, மைக் யார் கையில், எந்த இடத்தில் பேச்சு நின்று ஜெபமாலை தொடங்குகிறது என்பதெல்லாம் அந்தப் பிரதியின் வாக்கியங்கள், நிறுத்தற்குறிகள்.

என் வாதத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தப் பயணம் சாதியிலிருந்து ஒரு நாள் விடுப்பு. அந்த விடுப்பு பொய்யல்ல. அதனால்தான் ஜனங்கள் போகிறார்கள். ஆனால் விடுப்பு கொடுக்கிற திருச்சபைதான் மிச்சமுள்ள 364 நாட்களுக்கும் பொறுப்பு. இந்தக் கணக்கு வெளியே வராமல் பார்த்துக்கொள்வதுதான் வழிகாட்டியின் பேச்சு செய்கிற வேலை. அவர் நல்லவரா கெட்டவரா என்பது இங்கே பிரச்சினை இல்லை.

2

திருப்புலிவனம் உத்திரமேரூருக்கு வடக்கே, காஞ்சிபுரம் சாலையில் இருக்கிற ஊர். புலிக்கால் முனிவர் பூசித்ததாகச் சொல்லப்படும் வியாக்ரபுரீஸ்வரர் கோயிலும், அதில் சோழர் காலக் கல்வெட்டுகளும் உண்டு. சென்ற தவக்காலத்தில் ஒரு சனிக்கிழமை இங்கிருந்து கிளம்பிய வேனில் நானும் போனேன். நான் விசுவாசி இல்லை. ஒரு இடம் காலியாக இருந்தது, கூப்பிட்டார்கள். அச்சிறுபாக்கம் மழைமலை மாதா, வில்லியனூர் லூர்து மாதா, கோணான்குப்பம் பெரியநாயகி மாதா: மூன்று மாதா, ஒரே நாள், காலை இட்லியும் மத்தியானப் புளிசாதமும் சேர்த்துக் கட்டணம். வேளாங்கண்ணி கிடையாது. அது தூரம், ராத்தங்க வேண்டும், தங்கினால் மறுநாள் கூலி போச்சு. பாதையைத் தீர்மானித்தது இறையியல் அல்ல, மறுநாள் காலை வேலை.

வண்டியில் காலனிக்காரர்கள் அதிகம். ஊர்த்தெருவிலிருந்து நாலைந்து பேர். அவர்களில் ரெண்டு பேர் பொட்டு வைத்த இந்துப் பெண்கள். ஒருவருக்குப் பிள்ளை வரம், இன்னொருவருக்கு மூட்டுவலி. காசு கட்டின வரிசைப்படி சீட்டு. ஆக, ஊர்த்தெரு அக்காவும் காலனி ஆயாவும் பக்கத்துப் பக்கத்துச் சீட்டில், ஒரே பொட்டலத்து இட்லியைப் பிட்டுக்கொண்டு, ஒருவர் தோளில் மற்றவர் தூங்கி விழுந்துகொண்டு வந்தார்கள். ஊர் எல்லைக்குள் இப்படி ஒரு பகல் முழுக்க நடக்கும் என்று யாராலும் எழுதித் தர முடியாது.

அந்த ஆயாவிடம் கேட்டேன்: "ஏன் ஆயா, நம்ம பக்கத்துக் கோயில்லயும் மாதா இருக்காங்களே, இவ்ளோ தூரம் எதுக்கு?"

"அங்கல்லாம் நீ எந்தத் தெருன்னு கேக்க மாட்டாங்க தம்பி. நம்ம காசு, நம்ம மெழுகுவத்தி. நம்ம பக்கம் தேரு வந்து நிக்கிற எடத்துக்கு ஒரு கோடு இருக்குதில்ல, அந்தக் கோடு அங்க கெடையாது."

மேற்கே இதற்கு ஒரு கோட்பாடு உண்டு. விக்டர் டர்னரும் எடித் டர்னரும் 1978-இல் வெளியிட்ட புத்தகத்தில், யாத்திரை அன்றாடச் சமூக அடுக்குகளைத் தற்காலிகமாகக் கரைத்துவிட்டு மனிதர்களை மனிதர்களாகச் சேர்க்கிறது என்று வாதிட்டார்கள். அந்தச் சேர்க்கைக்குக் 'கம்யூனிடாஸ்' என்று பெயரும் வைத்தார்கள். 1991-இல் ஈட், சால்னோ இருவரும் தொகுத்த கட்டுரைகள் இதை மறுத்தன: புனிதத் தலம் என்பது கரைகிற இடம் அல்ல, பல தரப்பும் தங்கள் தங்கள் அர்த்தங்களோடு வந்து மோதிக்கொள்கிற இடம் என்றன. நம் ஆயா இந்த இரண்டு தரப்பையும் விடத் துல்லியமாகப் பேசுகிறார். கரைகிறது என்று அவர் சொல்லவில்லை, 'அங்க கேக்க மாட்டாங்க' என்கிறார். கோடு அழிந்தது என்று சொல்லவில்லை, 'அந்தக் கோடு அங்க கெடையாது' என்கிறார். அதாவது கோடு எங்கே இருக்கிறது என்பது அவருக்கு அங்குலம் அங்குலமாகத் தெரியும்.

ஏன் அங்கே இல்லை? காரணம் எளிது. ஊர்த் திருவிழாவில் தேர் தெருத்தெருவாகப் போக வேண்டும். போனால் எந்தத் தெரு, எது முதல், யாருக்குப் பரிவட்டம் என்ற கேள்வி வரும். திருத்தலத்துக்கு வெளியூரிலிருந்து வருகிறவனுக்குத் தெருவே இல்லை. அங்கே அவன் வாடிக்கையாளன். சந்தை கொடுக்கிற சமத்துவம்தான் இது, அதே அளவுக்குத்தான் பெறுமானம். ஆனால் ஊர் எதையும் கொடுக்காதபோது சந்தை கொடுப்பதை வாங்கிக்கொள்கிறவரைப் பார்த்துச் சிரிக்க நமக்கு யோக்கியதை இல்லை.

3

வழிகாட்டி ஓய்வு பெற்ற உபதேசியார். நல்ல குரல். ஒவ்வொரு ஊருக்கும் அவர் சொல்கிற கதைக்கு ஒரே அமைப்பு: முதலில் கஷ்டம், அடுத்து ஒரு சாமியார், அப்புறம் புதுமை, கடைசியில் 'பத்தரைக்குள்ள வண்டிக்கு வந்துடணும்'. அச்சிறுபாக்கத்தில் கஷ்டம் என்பது வறட்சி. மழை வேண்டி மன்றாடினார்கள், மாதா மழை கொடுத்தாள், அதனால் மழைமலை மாதா. (இந்த ஊருக்குச் சைவர்களிடம் வேறு கதை: திரிபுரம் எரிக்கப் போன சிவனின் தேர் அச்சு இற்ற இடம் என்பதால் அச்சிறுபாக்கம். டிரைவர் இதைச் சொல்லிவிட்டு, நம்ம அச்சு கெட்டியா இருக்குது என்றார்.)

மழைக் கதையில் இல்லாமல் போவது நிலம். ஏரிப் பாசனத்தை நம்பிய பழைய செங்கல்பட்டு மாவட்டத்தில் மழை எல்லோர் மேலும் பெய்யும், விளைவது நிலம் உள்ளவனுக்கு. இதே மாவட்டத்துப் பறையர்களின் நிலைமையைப் பற்றித்தான் கலெக்டர் டிரமென்ஹீர் 1891-இல் அரசுக்கு அறிக்கை எழுதினார். அவர்களுக்கு நிலம் இல்லை, குடியிருக்கும் மனைகூடத் தங்களது இல்லை, நிலம் கேட்டால் மிராசுதார் தடுக்கிறான் என்றார். பாதிரிமார்களும் அப்போது குரல் கொடுத்தார்கள். 1892-இல் அரசாணை வந்தது, பஞ்சமி நிலம் என்று நாம் சொல்வது அதில் பிறந்தது. சென்னை மாகாணம் முழுக்க 12 லட்சம் ஏக்கர் என்று தலித் இயக்கங்கள் சொல்கின்றன. அந்த நிலம் எப்படிக் கைமாறியது என்று கேட்டுத்தான் 1994-இல் காரணையில் போராட்டம் வெடித்தது. அந்த அக்டோபரில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் செத்தார்கள்.

இந்த இரண்டு பெயர்களையும் சேர்த்து ஒரு தடவை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். ஒன்று ஞானஸ்நானப் பெயர், இன்னொன்று மலையப்பன் பெயர். நிலம் கேட்டபோது மதம் குறுக்கே நிற்கவில்லை, குண்டும் மதம் பார்க்கவில்லை. மழைமலையிலிருந்து காரணை அதிக தூரம் இல்லை. எந்த யாத்திரை வேனும் அங்கே நிற்பதில்லை.

4

அச்சிறுபாக்கத்திலிருந்து திண்டிவனம் வழியாக வில்லியனூர். இங்கே உபதேசியாருக்கு உற்சாகம் கூடியது. 1858-இல் பிரான்சு நாட்டு லூர்துவில் பெர்னதெத் என்ற ஏழைப் பெண்ணுக்குக் காட்சி. 19 வருஷத்திலேயே, 1877-இல், இங்கே லூர்து மாதாவுக்குக் கோயில். முன்னால் குளம், அதில் லூர்துத் தண்ணீர் கலந்திருக்கிறது. இதெல்லாம் அவர் சொன்னது, சொன்ன வரைக்கும் சரி.

சொல்லாதது, லூர்து என்கிற தலம் எப்படி உருவானது என்பது. 1866-இல் அந்த ஊருக்கு ரயில் வந்தது. 1870-களில் துறவற சபையினர் 'தேசிய யாத்திரை' என்று சிறப்பு ரயில்கள் விட்டார்கள். கால அட்டவணை, குழுத் தலைவர், நேரத்துக்குப் பிரார்த்தனை, நேரத்துக்குச் சாப்பாடு எல்லாம் அதில் அடக்கம். நாம் ஏறியிருக்கிற வேனின் தாத்தா அந்த ரயில். இது ஏதோ பழங்கால பக்தியின் மிச்சம் என்று நினைப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். வழிகாட்டியோடு போகிற யாத்திரை என்பது தொழிற்சாலை மணியோடு கூடப் பிறந்த நவீன ஏற்பாடு. மண்டியிடுவது முதலில், நம்பிக்கை அதன் விளைவு என்று அல்தூசர் 1970-இல் விளக்கினார் இல்லையா, அதற்கு இந்த வேன் சரியான உதாரணம். 'கும்பிட்டாச்சா, கெளம்பலாமா' என்ற கேள்விக்குத் தலையாட்டுகிற ஒவ்வொரு தடவையும் ஒரு யாத்ரிகன் உண்டாக்கப்படுகிறான்.

வில்லியனூரிலிருந்து புதுச்சேரி நகரம் பக்கம்தான். அங்கே 1745-இல் நடந்த ஒரு சம்பவத்தை ஆனந்தரங்கப் பிள்ளை நாட்குறிப்பில் பதிந்திருக்கிறார். சம்பா கோயிலுக்குள் பறையர் கிறித்தவர்களைப் பிரித்து ஒரு சுவர் இருந்தது. காரைக்காலிலிருந்து வந்த ஒரு பாதிரியார் அதை இடிக்க வைத்தார். சாதிக் கிறித்தவர்கள் கொதித்தெழுந்தார்கள். பதினெட்டாம் நூற்றாண்டிலேயே கோயிலுக்குள் சுவர் இருந்தது என்பதோடு, அதை இடிக்க ஒரு பாதிரி இருந்தார் என்பதும் வரலாறு. தெற்கே வடக்கன்குளத்தில் நாடார்களையும் வெள்ளாளர்களையும் பிரித்த தடுப்பு 1910-இல்தான் இடிந்தது. இடித்த கதையையாவது வண்டியில் சொல்லலாம். அது திருச்சபைக்குப் பெருமைதானே? சொல்ல முடியாது. ஏனென்றால் இடித்ததைச் சொன்னால் கட்டியதையும் சொல்ல வேண்டி வரும்.

5

கோணான்குப்பத்தில் நாயகர் வீரமாமுனிவர். 1680-இல் இத்தாலியில் பிறந்த பெஸ்கி, 1710-இல் இந்தியா வந்து, தமிழ் கற்று, 3615 பாட்டில் தேம்பாவணி பாடி, சதுரகராதி தொகுத்து, 1747-இல் இறந்தார். மாதாவுக்குப் புடவை கட்டிப் பெரியநாயகி என்று பெயர் வைத்தது இங்கேதான். உபதேசியார் மைக்கில் சொன்னார்: "பாருங்க, வெள்ளைக்காரரு, காவி கட்டி, நம்ம பண்பாட்ட மதிச்சாரு." பத்தொன்பதாம் நூற்றாண்டில் முத்துசாமிப் பிள்ளை எழுதிய வாழ்க்கை வரலாறு தொடங்கி இந்தக் காவியும் பல்லக்கும் நம்மிடையே வளர்ந்துகொண்டே வந்திருக்கின்றன. தமிழ்ப் புலமை உலகம் இந்தக் கதையை மதம் பார்க்காமல் ஏற்றுக்கொண்டது. தமிழுக்குத் தொண்டு செய்தவர். கேள்வி கேட்கக் கூடாது.

கேட்போம். 'நம்ம பண்பாடு' என்பதில் அந்த 'நம்ம' யார்? 1606-இல் மதுரைக்கு வந்த நொபிலி பிராமணத் துறவி வேஷம் போட்டதிலிருந்து சேசு சபையின் மதுரை மிஷன் சாதியின் அடுக்கை அப்படியே எடுத்துக்கொண்டது. மேல்சாதிக்கு ஒரு சாமியார், கீழே உள்ளவர்களுக்குப் பண்டாரசாமி. இதை எதிர்த்து ரோமாபுரி வரைக்கும் வழக்குப் போனது. 1704-இல் புதுச்சேரியில் போப்பின் தூதர் தூர்னோன் பிறப்பித்த ஆணையிலும், 1744-இல் பதினான்காம் ஆசீர்வாதப்பர் வெளியிட்ட ஆணையிலும் கண்டிக்கப்பட்ட விஷயங்களில் ஒன்று என்ன தெரியுமா? சாகக் கிடக்கிற பறையரின் வீட்டுக்குள் போய் அவஸ்தைப்பூசுதல் கொடுக்கச் சாமியார்கள் மறுத்தது. பெஸ்கி இங்கே உழைத்த காலம் முழுவதும் இந்த வழக்கின் காலம். ஆக, பண்பாட்டை மதிப்பது என்று இன்று மைக்கில் ஒலிப்பது, அன்று யார் வீட்டுக்குள் நுழைவது, யார் வீட்டு வாசலோடு நின்றுவிடுவது என்ற கேள்வியாக இருந்தது. தேம்பாவணியின் அழகை நான் குறைத்துச் சொல்லவில்லை. அந்த அழகைச் சொல்லி இந்த வாசலை மூடுவதைத்தான் சொல்கிறேன். மாதாவுக்குக் கட்டிய புடவையை எல்லோரும் பார்க்கிறோம். அதை எந்தத் தெருப் பெண் கட்டுகிற மாதிரிக் கட்டினார்கள் என்று கேட்கிற பழக்கம் நமக்கு இல்லை.

இப்போது நான் முன்னால் சொன்ன நிறுத்தற்குறிக்கு வருகிறேன். கோணான்குப்பத்துக்கு வண்டி உளுந்தூர்பேட்டை வட்டாரத்தின் வழியாகத்தான் போகிறது. அங்கிருந்து எட்டுகிற தூரத்தில் எறையூர். கோணான்குப்பமும் வில்லியனூரும் எறையூரும் ஒரே புதுவை–கடலூர் உயர் மறைமாவட்டம். எறையூர் பங்கு வன்னியக் கிறித்தவர்களின் கையில் இருந்தது. தலித் கிறித்தவர்கள் சவத்தைப் பொதுவழியில் கொண்டுபோகும் உரிமை கேட்டார்கள், கோயிலில் சம இடம் கேட்டார்கள். அது நடக்காது என்று தெரிந்தபோது தங்கள் சகாய மாதா கோயிலைத் தனிப் பங்காக அறிவிக்கச் சொன்னார்கள். 2008 மார்ச் 9 அன்று தலித் குடியிருப்பு தாக்கப்பட்டது. போலீஸ் சுட்டதில் வன்னியர் தரப்பில் இருவர் செத்தார்கள். சுட்டது அரசு, செத்தது கிறித்தவர், தாக்கப்பட்டது கிறித்தவர், தாக்கியதும் கிறித்தவர். மாதாவின் பெயரில் ஒரு பங்கும், மாதாவின் பெயரில் அதற்கு எதிராக ஒரு கோயிலும்.

அந்தச் சாலைத் துண்டில் உபதேசியார் மைக்கைக் கீழே வைத்தார். "துயர தேவ ரகசியம் சொல்லலாம்" என்றார். வண்டி முழுக்க ஜெபமாலை எழும்பியது. காலனிக்காரர்கள் சிலர் ஜன்னல் வழியாக அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டே சொன்னார்கள். அவர்களுக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். இந்த மவுனம் அறியாமை அல்ல, ஒப்பந்தம். சீட்டு நம்பர்ப்படி உட்கார்ந்திருக்கிற அந்த ஒரு நாள் சமத்துவம் கலையாமல் இருக்க எறையூர் என்ற சொல் வண்டிக்குள் ஏறக்கூடாது.

6

மூன்று ஊரிலும் உபதேசியார் திரும்பத் திரும்பச் சொன்ன ஒரே வாக்கியம்: "மாதாவுக்குச் சாதி இல்ல." இந்த வாக்கியத்தைப் பிரித்துப் பார்க்க வேண்டும். மாதாவுக்கு இல்லை, சரி. மாதாவின் பங்குக்கு? மாதாவின் கல்லறைத் தோட்டத்துக்கு? எழுவாயை வானத்துக்கு ஏற்றிவிட்டால் பயனிலைக்குப் பூமியில் பொறுப்பாளி இல்லாமல் போகிறது. திருச்சபை தீர்க்க வேண்டிய கடன் மாதாவின் கணக்கில் எழுதப்படுகிறது.

திருச்சபைக்கே இது தெரியும். இந்திய ஆயர் பேரவை 2016 டிசம்பரில் வெளியிட்ட தலித் மேம்பாட்டுக் கொள்கையில் 1 கோடியே 90 லட்சம் கத்தோலிக்கர்களில் 1 கோடியே 20 லட்சம் பேர் தலித்துகள் என்றும், தீண்டாமை சபைக்குள் இருக்கிறது என்றும் ஒப்புக்கொண்டது. அந்த 1 கோடியே 20 லட்சம் பேரில் நம் வண்டிக்காரர்களும் அடக்கம். ஆனால் அந்த ஆவணம் ஆயர் இல்லத்தில் இருக்கிறது, மைக் வண்டியில் இருக்கிறது. இரண்டும் சந்திப்பதில்லை.

அரசும் இதே வாக்கியத்தை வேறு மொழியில் பேசுகிறது. 1950 குடியரசுத் தலைவர் ஆணையின் 3-ஆம் பத்தி, இந்துவாக இல்லாதவர் பட்டியல் சாதி ஆக மாட்டார் என்றது. 1956-இல் சீக்கியருக்கும் 1990-இல் பவுத்தருக்கும் கதவு திறந்தது, கிறித்தவருக்கும் முஸ்லிமுக்கும் திறக்கவில்லை. 2007-இல் ரங்கநாத் மிஸ்ரா ஆணையம் திறக்கச் சொன்னது. 2022-இல் பாலகிருஷ்ணன் ஆணையம் அமைக்கப்பட்டது, 2023 ஏப்ரலில் தமிழகச் சட்டமன்றம் தீர்மானம் போட்டது. 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம், புதுச்சேரிப் பெண் ஒருவரின் வழக்கில், கிறித்தவ வாழ்க்கை வாழ்ந்துகொண்டு இடஒதுக்கீட்டுக்காக இந்து என்று சொல்வது அரசியல் சட்டத்தின் மீதான மோசடி என்றது. அரசு சொல்கிறது: கிறித்தவத்தில் சாதி இல்லை, ஆகவே சலுகை இல்லை. வழிகாட்டி சொல்கிறார்: மாதாவுக்குச் சாதி இல்லை, ஆகவே கேள்வி இல்லை. ஊர் மட்டும்தான் உண்மையைச் சொல்கிறது, அதுவும் சுடுகாட்டுப் பாதையில். ஜான் தாமஸும் ஏழுமலையும் ஒரே துப்பாக்கிச் சூட்டில் விழுந்தாலும் சாதிச் சான்றிதழில் ஒரே பிரிவில் வர முடியாது.

7

இது கத்தோலிக்கர்களின் நோய், நமக்கென்ன என்று யாரும் ஒதுங்க வேண்டாம். திருப்புலிவனத்துக்குப் பக்கத்து உத்திரமேரூரிலேயே இன்னொரு வழிகாட்டி நிற்கிறார். வைகுண்டப் பெருமாள் கோயில் சுவரில் முதலாம் பராந்தகன் காலத்துக் குடவோலைக் கல்வெட்டைக் காட்டி, ஆயிரம் வருஷத்துக்கு முந்தைய ஜனநாயகம் என்கிறார். 2020 டிசம்பரில் புதிய பாராளுமன்றத்துக்கு அடிக்கல் நாட்டிய பிரதமரும் அதையே சொன்னார். அதே சுவரில் தகுதிகளும் இருக்கின்றன: இறை கட்டும் கால்வேலி நிலம், சொந்த மனையில் வீடு, வயது 35 முதல் 70, வேதக் கல்வி. அது சதுர்வேதிமங்கலத்துச் சபை. குடத்தில் ஓலை போடப்படாதவர்கள் யார் என்பதும் அதே எழுத்தில் இருக்கிறது, வாசிக்கத்தான் ஆளில்லை. ஒரு வழிகாட்டி ஜெபமாலையால் மறைக்கிறார், இன்னொருவர் பெருமிதத்தால் மறைக்கிறார்.

ஆகவே நமக்கான வேலை யாத்திரைகளை நிறுத்தச் சொல்வது அல்ல. அந்த ஆயாவிடமிருந்து அந்த ஒரு நாளைப் பிடுங்க எந்தப் பகுத்தறிவுக்கும் உரிமை கிடையாது. அவர் இன்னும் எத்தனை தடவை வேண்டுமானாலும் போகட்டும். நம் வேலை வழிகாட்டியின் பேச்சுக்குள் நுழைவது. எறையூரையும் காரணையையும் உத்திரமேரூர்ச் சுவரையும் சேர்த்து நம் இயக்கங்கள் ஏன் ஒரு ஒரு நாள் பயணம் நடத்தக் கூடாது? ஆளுக்கு இவ்வளவு, இட்லியும் புளிசாதமும் சேர்த்து. கத்தோலிக்க நண்பர்கள், குறிப்பாக மறைமாவட்டப் பணிக்குழுக்களில் இருப்பவர்கள், 2016 ஆவணத்திலிருந்து ஒரே ஒரு பத்தியை எடுத்து, உளுந்தூர்பேட்டைக்கும் கோணான்குப்பத்துக்கும் நடுவே வாசிக்கும்படி உபதேசியார்களுக்குக் கொடுக்கலாம். வண்டிக்குள் சண்டை வரும் என்பார்கள். வரட்டும். ஊர்த்தெரு அக்காவும் காலனி ஆயாவும் பக்கத்துப் பக்கத்துச் சீட்டில் உட்கார்ந்து அந்தச் சண்டையைப் போட்டால், மறுநாள் ஊருக்குள் இறங்கும்போது அவர்களிடம் மெழுகுவர்த்தி மிச்சத்தைத் தவிர வேறு ஏதாவது இருக்கும்.